கோட்டைத் தொகுதி யாருக்குப் பாதுகாப்பு?



தேர்தல் காலம் வந்துவிட்டால் நம் காதில் அடிக்கடி விழுகின்ற சொல் ஒன்று உண்டு. "அது அவர்களுடைய கோட்டை ஐயா, அங்கே வேறு யார் நின்று என்ன பயன்?" என்பார்கள். சாப்பாட்டுக் கடையிலும் சொல்வார்கள், கோயில் திண்ணையிலும் சொல்வார்கள். யாரை நிறுத்தினாலும் அந்தக் கட்சியே வெல்லும் என்ற நிலை இருந்தால் அதைப் பாதுகாப்பான தொகுதி என்று பத்திரிகைகளும் எழுதுகின்றன.

இந்தச் சொல்லைக் கேட்கும்போதெல்லாம் நாம் ஒரு கேள்வி கேட்க வேண்டும். பாதுகாப்பு யாருக்கு? நிற்கிறவருக்கா, வாக்குப் போடுகிறவருக்கா?

தோட்டப்புறத்தில் வாழ்ந்தவர்களுக்கு இந்தக் கேள்வியின் கனம் நன்றாகத் தெரியும். நம் வாக்கு எண்ணுவதற்கு முன்பே எண்ணப்பட்டுவிட்ட வாக்காக இருந்த காலம் உண்டு. வாக்களிப்பு நாளுக்கு ஒரு வாரம் முன்னால் லயத்து வாசலில் லாரி வந்து நிற்கும். முறுக்குப் பொட்டலமும் கொடியும் வரும். அது முடிந்தால் அடுத்த தேர்தல் வரையில் குழாயில் தண்ணீர் வந்தாலும் வராவிட்டாலும் கேட்பார் இருக்கமாட்டார். கைக்குள் இருக்கும் காசை யார் தேடப்போகிறார்கள்?

இதை விளங்கிக்கொள்ள இம்முறை உங்களைக் கடல் கடந்து அழைத்துச் செல்கிறேன். ஆஸ்திரேலியாவில், சிட்னி நகரின் வடகோடியில், பிட்வாட்டர் என்றொரு மாநிலச் சட்டமன்றத் தொகுதி இருக்கிறது. வசதி படைத்தவர்கள் வாழும் கடற்கரைப் புறநகர். தோட்டப்புறத்து மக்களுக்கும் அந்த ஊருக்கும் என்ன தொடர்பு என்று கேட்கலாம். தொடர்பு இருக்கிறது. அந்தக் கோட்டை முதன்முதலாகச் சரிந்த கதையில், நம் மண்ணில் பிறந்த ஒரு பெண்மணியின் பெயரும் வருகிறது.

ஊரும் முறையும்

நமக்கு இருப்பதைப் போலவே ஆஸ்திரேலியாவிலும் மத்தியில் ஒரு நாடாளுமன்றமும் மாநிலந்தோறும் ஒரு சட்டமன்றமும் உண்டு. சிட்னி இருக்கும் மாநிலம் நியூ சவுத் வேல்ஸ். அதன் சட்டமன்றத்தின் கீழவையில் 93 உறுப்பினர்கள். நம் மந்திரி புசாருக்கு நிகரான பதவியில் இருப்பவரை முதல்வர் என்று சொல்லலாம்.

பிட்வாட்டர் என்பது முதலில் ஒரு நீர்நிலையின் பெயர். 1788ஆம் ஆண்டில் ஆளுநர் ஆர்தர் ஃபிலிப், அன்றைய பிரிட்டிஷ் பிரதமர் வில்லியம் பிட்டின் பெயரை அதற்குச் சூட்டினார். அதற்கு முன்பு எத்தனையோ ஆயிரம் ஆண்டுகளாகப் பூர்வகுடி மக்களுக்கு அங்கே சொந்தப் பெயர்கள் இருந்தன என்பதையும் மறக்க வேண்டாம். ஒரு பக்கம் பெருங்கடல், மறுபக்கம் அமைதியான உப்பங்கழி, நடுவே நீண்ட நிலம். பாம் பீச், அவலான், நியூபோர்ட், மோனா வேல் என்று ஊர்கள் வரிசையாக அமைந்திருக்கின்றன. ஸ்காட்லந்து தீவு என்றொரு சிறு தீவும் உண்டு. அங்கே குடியிருப்பவர்கள் கடைக்குப் போவதென்றாலும் படகு ஏறித்தான் போக வேண்டும்.

வாக்களிக்கும் முறையில் நமக்கும் அவர்களுக்கும் இரண்டு வேறுபாடுகள் உண்டு. இவை தெரிந்தால்தான் கதை விளங்கும்.

முதலாவது, அங்கே வாக்களிப்பது கட்டாயம். காரணமின்றித் தவறினால் அபராதம் உண்டு. இரண்டாவது, வாக்குச் சீட்டில் ஒரு பெருக்கல் குறியோடு வேலை முடிவதில்லை. பிடித்தவருக்கு 1, அவர் வராவிட்டால் இவர் வரட்டும் என்று 2, அடுத்து 3 என எண்கள் போடலாம். நியூ சவுத் வேல்ஸ் மாநிலத் தேர்தலில் 1 மட்டும் போட்டாலும் செல்லும். மற்றவை அவரவர் விருப்பம்.

நம் கோயில் திருவிழாக் குழுத் தலைவர் பதவிக்கு மூவர் நிற்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒருவருக்கு 40, இன்னொருவருக்கு 35, மூன்றாமவருக்கு 25 வாக்குகள். நம் முறைப்படி 40 பெற்றவர் தலைவர். அவர்கள் முறைப்படி யாருக்கும் பாதிக்குமேல் இல்லை. ஆகவே மூன்றாமவர் நீக்கப்படுவார். அவருடைய 25 பேரும் 2 என்று யாருக்குப் போட்டார்களோ, அவருக்கு அந்த வாக்குகள் போய்ச் சேரும். 35 பெற்றவர் முந்திவிடலாம். பெரிய கட்சியைப் பிடிக்காதவர்கள் பல பிரிவாக நின்றாலும், கடைசியில் ஒருவர் பின்னால் சேர்ந்துகொள்ள அந்த முறை இடம் தருகிறது. ஊர்க்காரர் ஒருவர் சுயேச்சையாக நின்று வெல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

முதல்வருக்கென அமைந்த தொகுதி

பிட்வாட்டர் தொகுதி 1973ஆம் ஆண்டுத் தேர்தலில் உருவாயிற்று. முதல் உறுப்பினரே மாநில முதல்வர்தான். சர் ராபர்ட் ஆஸ்கின் என்பது அவர் பெயர். வங்கிக் குமாஸ்தாவாக வாழ்வைத் தொடங்கி, 1950 முதல் பக்கத்துக் கொலராய் தொகுதியில் உறுப்பினராக இருந்தவர். லிபரல் கட்சிக்காரர். பெயர் லிபரல் என்றாலும் அந்நாட்டில் அது முதலாளிமார், வியாபாரிகள், வசதியுள்ள குடும்பங்கள் ஆகியோரின் ஆதரவு பெற்ற கட்சி. தொழிலாளர் பக்கம் நிற்பது தொழிற்கட்சி. 24 ஆண்டுகள் தொடர்ந்து ஆண்ட தொழிற்கட்சியை 1965இல் வீழ்த்தி ஆட்சிக்கு வந்தவர் ஆஸ்கின். 1975இல் பதவியை விட்டு விலகினார். 1981இல் அவர் காலமானதும் ஊழல் குற்றச்சாட்டுகள் பத்திரிகையில் வெளிவந்தன. அவற்றின்மேல் எந்த நீதிமன்றமும் தீர்ப்பு வழங்கவில்லை.

ஆஸ்கினுக்குப் பின் 1975 இடைத்தேர்தலில் புரூஸ் வெப்ஸ்டர் வந்தார். 1978இல் மேக்ஸ் ஸ்மித் வந்தார். எல்லாரும் லிபரல் கட்சியினரே. அந்த 1978ஆம் ஆண்டுத் தேர்தலில் லிபரல் கட்சி மாநிலம் முழுவதும் மண்ணைக் கவ்வியது. கட்சித் தலைவரே தம் தொகுதியை இழந்தார். பிட்வாட்டர் மட்டும் அசையவில்லை. கோட்டை என்ற பெயர் அப்படித்தான் நிலைத்தது.

ஆனாலும் சுவரில் ஒரு கீறல் அப்போதே விழுந்தது. மேக்ஸ் ஸ்மித் கட்சியோடு ஒத்துப்போக முடியாமல் வெளியேறிச் சுயேச்சையாக அமர்ந்தார். 1986இல் பதவியையும் துறந்தார். இடைத்தேர்தலில் ஜிம் லாங்லி வென்று தொகுதியை மீண்டும் கட்சிக்குச் சேர்த்தார். கீறலைப் பூசி மறைத்தாயிற்று.

ஊருக்கென்று ஒரு மன்றம்

இங்கே ஒரு செய்தியைக் கவனிக்க வேண்டும். பிட்வாட்டர் மக்கள் கட்சிக்கு வாக்களித்தார்களே தவிர, கட்சி சொன்னதற்கெல்லாம் தலையாட்டியவர்கள் அல்லர். அவர்கள் வட்டாரம் வாரிங்கா என்ற பெரிய நகராட்சிக்குள் இருந்தது. தங்கள் வரிப்பணம் வேறு இடங்களுக்குப் போகிறது, தங்கள் கடற்கரையிலும் குன்றுகளிலும் கட்டடங்கள் கண்டபடி எழுகின்றன என்ற குறை அவர்களுக்கு இருந்தது. தனி மன்றம் வேண்டும் என்று போராடினார்கள். ஊர் மக்களிடம் கருத்துக் கேட்டபோது பெரும்பான்மையோர் பிரிவதற்கே ஆதரவு தந்தனர். 1992இல் பிட்வாட்டர் நகராட்சி பிறந்தது.

அந்நாட்டில் நகராட்சி உறுப்பினர்களை மக்களே தேர்ந்தெடுக்கிறார்கள். நம் நாட்டில் உள்ளாட்சித் தேர்தல்கள் 1965இல் நிறுத்திவைக்கப்பட்டன. 1976ஆம் ஆண்டுச் சட்டத்தோடு அவை அடியோடு போயின. நம் ஊராட்சி, நகராட்சி உறுப்பினர்களை மாநில அரசாங்கம் நியமிக்கிறது. இந்த வேறுபாடு சிறிதன்று. குப்பை, கால்வாய், தெருவிளக்கு என்று அன்றாடக் காரியங்களைப் பார்த்து மக்களிடம் பெயர் எடுக்கும் ஒருவர், கட்சிச் சீட்டு இல்லாமலே பெரிய தேர்தலில் நிற்க முடிகிறது என்றால், அதற்கு அடித்தளம் அங்கேதான் போடப்படுகிறது.

சரி, கோட்டையாக இருந்ததனால் ஊருக்குக் கிடைத்தது என்ன? சிட்னியின் அந்த வடகடற்கரைப் பகுதிக்கு இன்றுவரை இரயில் கிடையாது. நகரத்துக்குப் போக ஒன்று சொந்தக் கார், இல்லையேல் பேருந்து. விரைவுப் பேருந்துச் சேவையே 2017இல்தான் மோனா வேல் வரைக்கும் வந்தது. இரயில் வராததற்குக் கட்சி ஒன்றே காரணம் என்று சொல்வது நியாயமாகாது. மலையும் கழியும் குறுக்கே இருக்கின்றன, செலவும் அதிகம், ஊர் மாறிவிடக்கூடாது என்று விரும்பியவர்களும் அங்கே உண்டு. ஆனால் வெற்றி உறுதியான இடத்தில் எந்தக் கட்சிக்கும் அவசரம் இராது என்பது பொது விதி. சந்தேகமுள்ள தொகுதிக்குத்தான் பாலமும் பள்ளிக்கூடமும் முதலில் ஓடிப்போகும்.

ஒரு சொல் செய்த வேலை

1996இல் லாங்லி விலகினார். அந்த இடைத்தேர்தலில் ஜான் புரோக்டன் என்ற 27 வயது இளைஞர் வந்தார். சுறுசுறுப்பானவர், பேச்சு வன்மை உள்ளவர். 2002 மார்ச் 28ஆம் நாள், அவருடைய 33ஆவது பிறந்தநாளன்றே, மாநில லிபரல் கட்சித் தலைவரானார். 2003 தேர்தலில் ஆட்சியைப் பிடிக்க முடியவில்லை என்றாலும் பிட்வாட்டரில் அவருக்கு இமாலய வெற்றி. எதிர்ப்பக்கம் சாய வேண்டுமானால் வாக்காளரில் நூற்றுக்கு 20 பேர் மனம் மாற வேண்டும் என்ற அளவுக்குப் பெரும்பான்மை இருந்தது. அடுத்த முதல்வர் அவரே என்று பலர் எழுதினர்.

2005 ஜூலை மாதக் கடைசியில், பத்தாண்டுகள் முதல்வராக இருந்த தொழிற்கட்சியின் பாப் கார் பதவி விலகுவதாக அறிவித்தார். அந்த நாள்களில் சிட்னி ஹோட்டல் ஒன்றில் நடந்த விருந்தில் மது அருந்தியிருந்த புரோக்டன், விலகிப்போகும் முதல்வரின் மனைவியைப் பற்றி ஓர் இழிசொல் சொன்னார். தபால் வழி பணம் கட்டித் தருவித்த மணமகள் என்று பொருள்படும் சொல் அது. ஏழை ஆசிய நாட்டுப் பெண்களை வெள்ளைக்காரர்கள் பட்டியல் பார்த்து வரவழைத்துக்கொள்கிறார்கள் என்ற ஏளனம் அதற்குள் இருந்தது.

யார் அந்தப் பெண்மணி? ஹெலினா கார். 1946இல் நம் மலாயா மண்ணில் பிறந்தவர். இந்திய இரத்தமும் சீன இரத்தமும் கலந்த குடும்பம். இளவயதில் ஆஸ்திரேலியா சென்றவர். 1973இல் பாப் காரை மணந்தார். கணவர் அரசியலில் இருந்த காலமெல்லாம் தாமே அச்சுத்தொழில் நடத்திச் சொந்தக் காலில் நின்றவர். பொது மேடைகளில் தம்மை முன்னிறுத்திக்கொள்ளாதவர். அப்படிப்பட்ட ஒருவரை, அவருடைய முகத்தையும் நிறத்தையும் மட்டும் பார்த்து எடை போட்டது அந்தச் சொல்.

நம் தாய்மார்கள் இதை எளிதில் புரிந்துகொள்வார்கள். உழைத்து முன்னேறிய பெண்ணைப் பார்த்து, "அவள் எங்கிருந்து வந்தவள் தெரியாதா?" என்று கேட்கிற நாக்கு எல்லா ஊரிலும் உண்டு. பால்மரம் வெட்டிப் பிள்ளைகளைப் படிக்க வைத்தவர்கள், அந்தப் பிள்ளைகள் அலுவலகத்தில் அமர்ந்த பிறகும் இப்படிப்பட்ட வார்த்தைகளைக் கேட்டிருக்கிறார்கள்.

ஒரு மாதம் கழித்துச் செய்தி பத்திரிகையில் வெளிவந்தது. புரோக்டன் தாம் சொன்னதை ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கேட்டார். ஆகஸ்டு 29ஆம் நாள் கட்சித் தலைமையை விட்டு விலகினார். மறுநாளே கடுமையான மன உளைச்சலுக்கு ஆளாகி மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். செப்டம்பரில் சட்டமன்ற உறுப்பினர் பதவியையும் துறந்தார்.

இங்கே நாம் சற்று நின்று ஒன்று சொல்ல வேண்டும். தவறு தவறுதான். ஆனால் விழுந்தவரை மிதிப்பது நம் பண்பாடு அன்று. புரோக்டன் உடல் நலமும் மன நலமும் தேறி எழுந்தார். பின்னாளில், மனம் உடைந்தவர்கள் தொலைபேசியில் அழைத்து ஆறுதல் பெறும் லைஃப்லைன் ஆஸ்திரேலியா என்ற அமைப்பின் தலைவராக இருந்தார். தம் துயரத்தை வெளிப்படையாகப் பேசி மற்றவர்களுக்குத் தைரியம் தந்தார். ஹெலினா கார் 2023இல் காலமானார்.

கோட்டை சரிந்த நாள்

பிட்வாட்டருக்கு 2005 நவம்பர் 26ஆம் நாள் இடைத்தேர்தல். தொழிற்கட்சி வேட்பாளரை நிறுத்தவே இல்லை. எப்படியும் வெல்ல முடியாத இடத்தில் பணம் எதற்கு என்று ஒதுங்கிக்கொண்டது. லிபரல் கட்சிக்கு வேறு எதிரி கிடையாது. பழம் நழுவிப் பாலில் விழுந்தது போலத்தான் வெளிப்பார்வைக்குத் தோன்றியது.

ஆனால் தொகுதியில் காற்று வேறு பக்கம் வீசியது. ஒரு பக்கம், அந்த இழிசொல்லினால் வந்த தலைகுனிவு. மறுபக்கம், தங்கள் உறுப்பினரைக் காலை வாரியவர்கள் அவருடைய சொந்தக் கட்சிக்காரர்களே என்ற கோபம். கட்சிக்குள் இரண்டு அணிகள் இருந்தன. எதிரணியினர்தாம் செய்தியைக் கசியவிட்டு அவரை வீழ்த்தினார்கள் என்று ஊரில் பலர் நம்பினார்கள். இதற்குமேல், கட்சி நிறுத்திய புதிய வேட்பாளர் அந்த வட்டாரத்துக்காரர் அல்லர் என்ற முணுமுணுப்பும் சேர்ந்துகொண்டது. ஆகவே ஒரு சொல் மட்டுமே கோட்டையைச் சாய்த்தது என்று சொன்னால் அது பாதி உண்மைதான். அந்தச் சொல் கதவைத் திறந்தது. உள்ளே நெடுநாளாகச் சேர்ந்திருந்த குறைகள் வெளியே வந்தன.

அப்போது நகராட்சித் தலைவராக இருந்த அலெக்ஸ் மெக்டாகர்ட் சுயேச்சையாக நின்றார். பெரிய கட்சி இல்லை, மந்திரிமார் வரவில்லை. ஊர்ப் பிரச்சினை ஊர்க்காரனுக்குத் தெரியும் என்பதே அவருடைய பலம். முடிவு வந்தபோது அவரே வென்றார். 1973 முதல் ஒரு தேர்தலிலும் தோற்காத கட்சி, 20 சதவிகிதப் பெரும்பான்மை வைத்திருந்த இடத்தில் தோற்றது.

அந்தப் பெரும்பான்மை எங்கே போயிற்று? எங்கும் போகவில்லை, வாசகர்களே. அது கட்சியின் பெட்டியில் பூட்டிவைத்த சொத்தாக எந்நாளும் இருந்ததில்லை. ஒவ்வொரு வாக்காளரின் சட்டைப் பையிலும்தான் இருந்தது. அவர்கள் கொடுத்தபோது கோட்டை, கொடுக்க மறுத்தபோது வெறும் மண்சுவர்.

மீண்டதும் மீண்டும் இழந்ததும்

மெக்டாகர்ட் நீண்டநாள் இருக்கவில்லை. 16 மாதங்கள் கழித்து 2007 மார்ச்சில் நடந்த பொதுத் தேர்தலில் லிபரல் கட்சியின் ராப் ஸ்டோக்ஸ் தொகுதியை மீட்டுவிட்டார். தோல்வியில் கட்சி பாடம் கற்றிருந்தது. சட்டம் படித்த ஸ்டோக்ஸ் ஊர்க்காரர்களோடு நெருங்கிப் பழகினார், சுற்றுச்சூழலில் அக்கறை காட்டினார். கடலையும் காட்டையும் நேசிக்கும் தொகுதியில் அது எடுபட்டது. 2011இல் அவர் பெற்ற பெரும்பான்மையினால் பிட்வாட்டர் மறுபடியும் மாநிலத்தின் மிக உறுதியான தொகுதிகளில் ஒன்றாயிற்று. சுற்றுச்சூழல், நகரத் திட்டமிடல், கல்வி என்று பல அமைச்சுகளையும் ஏற்றார். 2021 அக்டோபரில் முதல்வர் பதவிக்கே போட்டியிட்டார். ஆனால் கட்சி உறுப்பினர்களில் 5 பேர் மட்டுமே அவரை ஆதரித்தனர். எதிரே நின்றவருக்கு 39.

இதற்கிடையில் 2016இல் மாநில லிபரல் அரசாங்கம் ஒரு காரியம் செய்தது. மக்கள் போராடிப் பெற்ற பிட்வாட்டர் நகராட்சியைக் கலைத்து, மேன்லி, வாரிங்கா ஆகியவற்றோடு இணைத்து ஒரே பெரிய மன்றமாக்கியது. 24 ஆண்டுகள் பேணிவந்த ஊர் மன்றம் போயிற்று. செலவு குறையும், நிர்வாகம் சிறக்கும் என்று அரசாங்கம் காரணம் சொன்னது. ஊராருக்கு அது ஆறாத குறையாகவே இருந்தது. கோட்டைக்காரர்கள் என்ன செய்துவிடப்போகிறார்கள் என்ற நினைப்பு மறுபடியும் தலைதூக்கியதோ என்னவோ!

அக்கம்பக்கத்திலும் மண்சுவர்கள் இளகத் தொடங்கின. 2019இல் பக்கத்து வாரிங்கா நாடாளுமன்றத் தொகுதியில் முன்னாள் பிரதமர் டோனி ஆபட்டையே ஸாலி ஸ்டெகால் என்ற சுயேச்சைப் பெண் வேட்பாளர் தோற்கடித்தார். பிட்வாட்டர் அடங்கியிருக்கும் மக்கெல்லர் நாடாளுமன்றத் தொகுதி 1949 முதல் லிபரல் கட்சியையே தேர்ந்தெடுத்து வந்தது. 2022இல் அங்கே சோஃபி ஸ்கேம்ப்ஸ் என்ற பெண் மருத்துவர் சுயேச்சையாக வென்றார்.

2023இல் ஸ்டோக்ஸ் ஓய்வு பெற்றார். அந்தத் தேர்தலில் பிட்வாட்டரின் புதிய லிபரல் வேட்பாளர், ஜாக்கி ஸ்க்ரூபி என்ற சுயேச்சைப் பெண்மணியைச் சுமார் 600 வாக்குகளில் மட்டுமே முந்த முடிந்தது. வென்றவர்மீது குற்றவியல் வழக்குத் தொடரப்பட்டதும் 2024 ஆகஸ்டில் அவர் பதவி விலகினார். வழக்கு நீதிமன்றத்துக்கு உரியது. அதில் நாம் தீர்ப்புச் சொல்ல வேண்டியதில்லை.

அதே ஆகஸ்டில் இன்னொரு வேடிக்கையும் நடந்தது. உள்ளாட்சித் தேர்தலுக்கு வேட்புமனுக்களைக் குறித்த நேரத்துக்குள் தாக்கல் செய்யாமல், லிபரல் கட்சியின் மாநில அலுவலகம் கோட்டைவிட்டது. மாநிலமெங்கும் சுமார் 140 வேட்பாளர்கள் நிற்கும் வாய்ப்பையே இழந்தார்கள். கட்டிக் காத்த கோட்டைக்குச் சாவியை மறந்துவிட்டு வந்த கதைதான்!

2024 அக்டோபர் 19ஆம் நாள் நடந்த இடைத்தேர்தலில் ஜாக்கி ஸ்க்ரூபி வென்றார். ஆஸ்கின் தொடங்கி அதுவரை பிட்வாட்டருக்கு உறுப்பினராக இருந்தவர்கள் 8 பேர். எல்லாரும் ஆண்கள். ஒரு பெண்ணைப் பற்றிய இழிசொல்லில் முதன்முதலாக ஆட்டம் கண்ட தொகுதியில், ஏறக்குறைய 19 ஆண்டுகளுக்குப் பின் ஒரு பெண்ணே உறுப்பினரானார்.

நமக்கு என்ன இதில்?

வாசகர்களே, பிட்வாட்டர் பணக்கார ஊர். அவர்களுக்கு வேலை போய்விடும், வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்ற பயம் இல்லை. பயமில்லாதவன் துணிந்து மாற்றிப் போடுவது பெரிய காரியமா என்று நீங்கள் கேட்கலாம். கேள்வி நியாயமானது. தோட்டத்து வீட்டில் இருந்துகொண்டு வாக்களித்தவர்களின் நிலைமை வேறு.

ஆனாலும் நம்மவர்களும் அதைச் செய்து காட்டியிருக்கிறார்கள். 1974 முதல் டத்தோ ஸ்ரீ சாமிவேலு அசைக்க முடியாமல் இருந்த சுங்கை சிப்புட் நாடாளுமன்றத் தொகுதியில், 2008 மார்ச் 8ஆம் நாள் மருத்துவர் ஜெயகுமார் 1,821 வாக்கு வித்தியாசத்தில் வென்றார். அதை நல்லது என்பாரும் உண்டு, வருந்துவாரும் உண்டு. அது அவரவர் கருத்து. 34 ஆண்டுக் கோட்டையின் சாவியும் வாக்காளர் கையில்தான் இருந்தது என்பதை மட்டும் யாரும் மறுக்க முடியாது.

எப்போதும் மாற்றிப் போடுங்கள் என்று நான் சொல்ல வரவில்லை. பிட்வாட்டர் மக்களும் 2007இல் பழைய கட்சியையே திரும்ப அழைத்துக்கொண்டார்கள். நல்ல வேலை செய்கிறவருக்குத் தொடர்ந்து வாக்களிப்பது நன்றியுணர்வு. அதில் தவறில்லை. ஆனால் இவர்கள் எங்கே போய்விடுவார்கள் என்று ஒருவர் நினைக்கத் தொடங்கும்போது, போகவும் தெரியும் என்று காட்டுவதற்குத் தயாராக இருக்க வேண்டும். ஒருமுறை காட்டினால் போதும், அடுத்து வருகிறவர் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்து பேசுவார்.

அதற்கு முதலில் வாக்கு கையில் இருக்க வேண்டும். 2021 டிசம்பர் முதல் 18 வயது நிரம்பிய பிள்ளைகள் தாமாகவே வாக்காளர் பட்டியலில் சேர்க்கப்படுகிறார்கள். ஆனால் தோட்டம் துண்டாடப்பட்டுப் பட்டணத்து அடுக்குமாடிக்குக் குடிவந்தவர்கள் பலர், அடையாள அட்டையில் இன்னும் பழைய தோட்டத்து முகவரியையே வைத்திருக்கிறார்கள். லயம் இடிந்து செம்பனையும் வீடமைப்புத் திட்டமும் வந்துவிட்டன, வாக்கு மட்டும் அங்கேயே காத்துக்கிடக்கிறது. தேர்தலன்று அவ்வளவு தூரம் போக முடியாமல் வீட்டிலேயே இருந்துவிடுகிறார்கள். இன்றைக்குக் குடியிருக்கும் இடத்தில் வடிகால் அடைத்துக்கொண்டால், அங்குள்ள உறுப்பினருக்கு இவர்கள் கணக்கிலேயே இல்லை.

ஆகவே இந்த வாரம் ஒரு காரியம் செய்யுங்கள். வீட்டில் உள்ள எல்லாருடைய அடையாள அட்டையையும் மேசைமேல் வையுங்கள். முகவரி சரியா என்று பாருங்கள். மாறியிருந்தால் பதிவிலாகாவில் புதிய முகவரிக்கு மாற்றிக்கொள்ளுங்கள். பிறகு தேர்தல் ஆணையத்திடம் தொகுதி மாற்றத்துக்கு விண்ணப்பம் செய்யுங்கள். படித்த பிள்ளைகள் கைத்தொலைபேசியிலேயே பட்டியலைப் பார்த்துச் சொல்லிவிடுவார்கள். பாட்டி தாத்தாவின் பெயரையும் சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

பிறகு தேர்தல் வரட்டும். "இது எங்கள் கோட்டை" என்று யாராவது மேடையில் முழங்கினால், கோபப்படாமல் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "ஐயா, கோட்டைக்குள் இருக்கிற எங்களுக்கு என்ன செய்தீர்கள்?"

அடுத்த இதழில் சந்திப்போம்.